அந்தப் பஞ்சப் படம் 1943 வங்கத்துடையதா, தாது வருஷத்துடையதா?

கேட்டவர் கேட்டது சுருக்கமாக இது. அவருடைய குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு பழைய படம் வந்திருக்கிறது. விலா எலும்பெல்லாம் எண்ணிவிடலாம் போல் நிற்கும் ஆண்கள், மடியில் குழந்தையோடு தரையில் உட்கார்ந்திருக்கும் ஒரு பெண். கீழே "1943 வங்கப் பஞ்சம், சர்ச்சில் செய்த படுகொலை" என்று எழுதியிருக்கிறது. உடனே குழுவில் இன்னொருவர், "இது வங்கமே இல்லை, 1877-ல் நம்ம ஊரில் எடுத்தது" என்று மறுத்திருக்கிறார். எது சரி, இப்படிப்பட்ட படங்களைப் பகிரலாமா என்று கேட்கிறார். ஆனால் கடைசி வரியில் போகிற போக்கில் கேட்டிருப்பதுதான் அவரை உண்மையில் உறுத்துகிறது என்று நினைக்கிறேன்: "படம் தப்புன்னா குற்றச்சாட்டும் பொய்யாயிடுமா?" பழைய புகைப்படத் தொகுப்புகளை வகைப்படுத்தும் வேலையில் பல வருஷமாக இருக்கிறேன். இந்தப் படங்கள் அடிக்கடி கைக்கு வருபவை. அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

முதலில் உறுதியானது. நீங்கள் விவரிக்கிற வகைப் படங்கள் 1876-78 சென்னை மாகாணப் பஞ்சத்தில், அதாவது ஊர்ப்புறத்தில் தாது வருஷப் பஞ்சம் என்று சொல்வதில், எடுக்கப்பட்டவை. எடுத்தவராக அறியப்படுபவர் வில்லபி வாலஸ் ஹூப்பர், சென்னைக் குதிரைப் படையில் இருந்த ஆங்கிலேய அதிகாரி. பஞ்சத்துக்கு முன்பே கேமராவில் பெயர் எடுத்தவர். இந்தியாவின் சாதிகளையும் இனங்களையும் படம் பிடித்து வகைப்படுத்த அரசு வெளியிட்ட 'தி பீப்பிள் ஆஃப் இந்தியா' என்ற எட்டுத் தொகுதிகளுக்கு (1868-75) படங்கள் கொடுத்திருக்கிறார். புலி வேட்டையைக் காட்டும் ஒரு படத் தொடரும் செய்திருக்கிறார். பஞ்சப் படங்களின் பழைய பிரதிகள் இன்று லண்டனில் வெல்கம் கலெக்‌ஷன் போன்ற இடங்களில் இருக்கின்றன. அந்த நிறுவனம் 2014-ல் தன்னிடமிருந்த வரலாற்றுப் படங்களை ஒரு லட்சத்துக்கும் மேல் இலவசமாக எடுத்துக்கொள்ளலாம் என்று இணையத்தில் திறந்துவிட்டது. நல்ல காரியம்தான். ஆனால் அங்கே படத்தோடு சேர்ந்தே இருக்கும் விவரக் குறிப்பு, படம் ஒரு கைபேசியிலிருந்து இன்னொரு கைபேசிக்குப் போகும்போது கூடவே போவதில்லை. முதல் ஆள் வெட்டி எடுத்த உடனேயே ஊரும் வருஷமும் உதிர்ந்துவிடும். அடுத்த ஆள் தனக்குத் தெரிந்த பஞ்சத்தின் பெயரை எழுதுகிறார். பலருக்கும் தெரிந்த ஒரே பஞ்சம் 1943 என்பதால் அதுவே ஒட்டிக்கொள்கிறது.

இதில் ஒரு எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். எலும்பும் தோலுமான மனிதர்களைக் காட்டும் பழைய படமெல்லாம் ஹூப்பர் எடுத்ததாகிவிடாது. 1896-97, 1899-1900 பஞ்சங்களில் பாதிரிமார்களும் நிருபர்களும் ஏராளமாக எடுத்தார்கள். அவையும் இதே கூட்டத்தில் கலந்து சுற்றுகின்றன.

நீங்களே எப்படிப் பிரித்துப் பார்ப்பது? படத்தில் இருப்பவர்கள் எப்படி நிறுத்தப்பட்டிருக்கிறார்கள் என்று பாருங்கள். 1870-களில் கண்ணாடித் தகட்டில் ரசாயனம் பூசி, அது காய்வதற்குள் படம் எடுத்து, பக்கத்திலேயே கூடாரம் போட்டு இருட்டில் கழுவ வேண்டும். வெளிச்சம் பதியச் சில விநாடிகள் ஆகும். அதுவரை யாரும் அசையக் கூடாது. அசைந்தால் அந்தக் கையோ தலையோ மட்டும் புகைபோல் மங்கிவிடும். அதனால்தான் இந்தப் படங்களில் ஆட்கள் வரிசையாக, பின்வரிசை நிற்க முன்வரிசை உட்கார, கல்யாண வீட்டு குரூப் போட்டோ போலவே அடுக்கப்பட்டிருப்பார்கள். பெரும்பாலும் எல்லார் கண்ணும் நேராக லென்ஸைப் பார்க்கும். பின்னால் வெறும் சுவர் அல்லது வெற்றிடம். பசியில் நிற்கவே தெம்பில்லாத ஒருவரை "ஆடாமல் அசையாமல் நில்" என்று சொல்லித்தான் இதை எடுத்திருக்க முடியும். படத்தைப் பெரிதாக்கி ஒரு முறை கைகளைப் பாருங்கள். பல கைகள் பக்கத்து ஆளின் தோள் மீதோ, தரையிலோ, தன் முழங்காலிலோ ஊன்றியிருக்கும்.

1943 படங்கள் வேறு சாதி. அப்போது கையடக்கக் கேமராவும் ஃபிலிம் சுருளும் வந்துவிட்டன. கல்கத்தா நடைபாதை, டிராம் தண்டவாளம், கடை வாசல், அதன் நடுவே சுருண்டு கிடக்கும் உடல், கடந்து போகும் கால்கள் என்று தெருவே படத்துக்குள் வந்துவிடும். கல்கத்தாவின் ஸ்டேட்ஸ்மன் பத்திரிகை, போர்க்காலக் கெடுபிடிகளுக்கு நடுவே, 1943 ஆகஸ்ட் 22-ஆம் தேதி அப்படிப்பட்ட படங்களை அச்சிட்டது. ஆசிரியர் ஐயன் ஸ்டீஃபன்ஸ் ஆங்கிலேயர். உலகத்தின் கவனம் அந்தப் பக்கம் திரும்பியதில் அந்தப் பக்கங்களுக்குப் பெரிய பங்கு உண்டு. கம்யூனிஸ்ட் கட்சிப் பத்திரிகைக்காக சுனில் ஜானா கிராமம் கிராமமாகப் போய் எடுத்தார். ஓவியர் சித்தப்பிரசாத் மேதினிப்பூரில் நடந்தே போய் வரைந்தார். அவர் வெளியிட்ட சிறு நூலின் பிரதிகளை அரசு பறிமுதல் செய்து அழித்தது. ஜைனுல் ஆபிதீன் கறுப்பு மையில் வரைந்தவை இன்றும் பார்ப்பவரை உலுக்கும். ஆக, வங்கப் பஞ்சத்துக்கு அதை நேரில் கண்டு கோபத்தோடு பதிவு செய்தவர்களின் சாட்சியம் நிறையவே இருக்கிறது. அதில் முக்கியமானவர்கள் இந்தியர்கள். அந்தச் சாட்சியம் இருக்கும்போது, அறுபத்தைந்து வருஷம் முந்தைய ஒரு குதிரைப் படை அதிகாரியின் படத்தைப் போடுவது வங்கத்தில் செத்தவர்களுக்குச் செய்யும் மரியாதையும் இல்லை.

இப்போது அந்தக் கடைசி வரிக்கு வருகிறேன். குற்றச்சாட்டு பொய்யாகாது. ஆனால் அது எந்தக் காலத்திலும் படத்தின் மீது நின்றதும் இல்லை. பசியில் ஒட்டிய உடலைப் படம் காட்டும். அந்தப் பசிக்கு யார் காரணம் என்று படம் சொல்லாது. மழை பொய்த்தது காரணமா, விலை ஏறியது காரணமா, சர்க்கார் எடுத்த முடிவா என்பதைக் காகிதத்தில்தான் தேட வேண்டும். அரசாணை, கூலி அட்டவணை, கப்பல் சரக்குக் கணக்கு, அதிகாரிகள் ஒருவருக்கொருவர் எழுதிக்கொண்ட கடிதம் ஆகியவற்றில் அது இருக்கிறது. 1943-க்கு அப்படி ஒரு கோப்பு மலை இருக்கிறது. அரசு நியமித்த கமிஷனே 1945-ல் 15 லட்சம் பேர் இறந்ததாக ஒப்புக்கொண்டது. பிற்கால ஆய்வுகள் 30 லட்சம் வரை போகின்றன. சர்ச்சில் தலைமையிலான லண்டன் அமைச்சரவையின் பொறுப்பு எவ்வளவு, வங்க மாகாண அரசும் வியாபாரிகளும் எவ்வளவு என்பதில் வரலாற்றாளர்களுக்குள் இன்றும் சண்டை உண்டு. தப்பான படம் இந்தச் சண்டையில் ஒரு பக்கத்துக்கு இலவச ஆயுதம் கொடுக்கிறது. "படமே போலி" என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டு முழு விஷயத்தையும் ஒதுக்கிவிட முடிகிறது. உங்கள் குழுவில் நடந்ததும் ஏறக்குறைய இதுதான்.

1877-க்கும் காகிதம் இருக்கிறது, அது படங்களைவிடக் கொடுமையானது. 1876-ல் பருவமழை பொய்த்தது. இன்று எல் நினோ என்று சொல்கிறோமே, அதன் மிகக் கடுமையான சுற்றுகளில் ஒன்று அது. பெல்லாரி, கர்நூல், கடப்பை தொடங்கி வட ஆற்காடு, சேலம், கோவை, மதுரை வரை வறட்சி பரவியது. மைசூரும் பம்பாய் தக்காணமும் தப்பவில்லை. சென்னை ஆளுநர் பக்கிங்ஹாம் கோமகன். மேலே வைசிராய் லிட்டன். 1877 ஜனவரி முதல் தேதி விக்டோரியாவைப் பேரரசியாக அறிவிக்க டெல்லியில் தர்பார் நடத்திக்கொண்டிருந்தவர் அவர். செலவைக் கட்டுப்படுத்த அவர் தெற்கே அனுப்பிய ஆள் ரிச்சர்ட் டெம்பிள். இந்த டெம்பிள்தான் 1873-74-ல் பீகாரில் பஞ்சம் தலைகாட்டியபோது பர்மாவிலிருந்து அரிசி இறக்கிப் பெருஞ்சாவு வராமல் தடுத்தவர். அதற்காக அவருக்குக் கிடைத்தது பாராட்டு இல்லை, "காசைக் கொட்டிவிட்டார்" என்ற ஏச்சு. இந்த முறை அவர் அந்தப் பெயரைக் கழுவிக்கொள்ள வந்தார். நிவாரண வேலையில் மண் சுமக்கிற ஆணுக்கு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் கொஞ்சம் சில்லறைக் காசும் போதும் என்று நிர்ணயித்தார். ஒரு பவுண்டு என்பது அரைக் கிலோவுக்கும் குறைவு. நாள் முழுக்கக் கல் உடைப்பவனுக்கு அது. சென்னை மாகாணத்தின் சுகாதார ஆணையர் மருத்துவர் கார்னிஷ் இது உடம்பைத் தின்றுவிடும் என்று எழுத்தில் எதிர்த்தார். அந்த வாதம் பிரதிவாதம் முழுக்க அச்சில் இருக்கிறது. 'மெட்ராஸ் டைம்ஸ்' ஆசிரியராகவும் நிவாரணக் குழுவின் செயலாளராகவும் இருந்த வில்லியம் டிக்பி 1878-லேயே இரண்டு தொகுதிகளாக எல்லாவற்றையும் தொகுத்துவிட்டார். யாராவது "ஆதாரம் எங்கே" என்று கேட்டால் படத்தைக் காட்டாதீர்கள், இந்தக் கூலிக் கணக்கைக் காட்டுங்கள்.

செத்தவர்கள் எத்தனை பேர் என்பது இன்னும் தீராத கணக்கு. அரசின் பஞ்சக் கமிஷன் பிரிட்டிஷ் ஆட்சிப் பகுதிகளில் ஐம்பது லட்சத்துக்கு மேல் என்றது. டிக்பியின் மதிப்பீடு, சமஸ்தானங்களையும் சேர்த்து, ஒரு கோடியைத் தாண்டும். காலராவிலும் அம்மையிலும் செத்தவர்களைப் பஞ்சச் சாவில் சேர்ப்பதா என்பதில் தொடங்கி, பதிவே ஆகாத கிராமங்கள் வரை இதில் சிக்கல். 1871-க்கும் 1881-க்கும் இடையில் சென்னை மாகாணத்தின் மக்கள்தொகை கூடவில்லை, சற்றுக் குறைந்தது என்பது மட்டும் இரண்டு சென்சஸையும் பக்கத்தில் வைத்தால் தெரியும்.

இங்கே ஒரு விஷயத்தில் நம் பக்கத்தாரையும் கண்டிக்க வேண்டியிருக்கிறது. சென்னைக் கடற்கரையில் தானிய மூட்டைகள் மலைபோல் குவிந்திருக்கும் அந்தக் காலப் படம் ஒன்றும் சுற்றுகிறது. "மக்கள் சாகும்போது லண்டனுக்கு ஏற்றுமதி" என்று கீழே எழுதியிருப்பார்கள். பஞ்ச காலத்தில் இந்தியாவிலிருந்து கோதுமை ஏற்றுமதி நடந்தது உண்மை, அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் சென்னைத் துறைமுகத்தில் அப்போது கடல் வழியாக வந்து இறங்கிய தானியம் ஏராளம். பக்கிங்ஹாம் அரசே 30,000 டன் வாங்கியது. சந்தையில் அரசு தலையிடுவதா என்று லிட்டன் அதற்காகக் கடிந்துகொண்டார். வந்த மூட்டைகள் கடற்கரையில் கிடந்ததற்குக் காரணம், உள்ளே கொண்டுபோக ரயில் வண்டிகள் போதவில்லை, கொண்டுபோன இடத்தில் வாங்க ஜனங்கள் கையில் காசு இல்லை. எனக்கு இது ஏற்றுமதிக் கதையைவிடக் கொடூரமாகப் படுகிறது. ரயில் போட்டதால் பஞ்சம் ஒழிந்தது என்று பெருமை பேசிய ஆட்சியில், பணக்கார ஊரை நோக்கித்தான் ரயில் தானியத்தைக் கொண்டுபோனது.

ஹூப்பரைப் பற்றியும் இணையத்தில் ஒரு கதை உண்டு. பசித்தவர்களைத் தன் இடத்துக்கு வரவழைத்து, படம் எடுத்து முடித்ததும் ஒரு வாய் கஞ்சிகூடக் கொடுக்காமல் விரட்டினார் என்று. பல கட்டுரைகளில் இது நடந்த சம்பவமாகவே எழுதப்படுகிறது. அதற்கு நேரடிச் சாட்சியம் என்று சொல்லும்படி எதுவும் என் கண்ணில் படவில்லை, அதனால் நான் அதை உண்மை என்று எழுத மாட்டேன். எழுத வேண்டிய அவசியமும் இல்லை. 1886 ஜனவரியில் மாண்டலேயில் அவர் செய்தது பதிவில் இருக்கிறது. பர்மாவைப் பிடித்த படையில் ராணுவக் காவல் பொறுப்பில் இருந்தபோது, கைதிகளைச் சுட்டுக் கொல்லும் கணத்தைப் படம் பிடித்தார். குண்டு பாயும் நொடி தகட்டில் விழ வேண்டும் என்பதற்காக மரண தண்டனையின் நேரமே கேமராவுக்குத் தக்கபடி அமைந்தது என்று லண்டன் டைம்ஸ் நிருபர் செய்தி அனுப்ப, பாராளுமன்றம் வரை போய், விசாரணை நடந்து, அவர் கண்டிக்கப்பட்டார். இதைத் தெரிந்துகொண்டு திரும்பப் பஞ்சப் படங்களைப் பார்த்தால் அந்த வரிசையும் அடுக்கும் வேறு மாதிரி தெரிகிறது. ஆனால் 1886-ஐ வைத்து 1877-ல் அவர் மனதில் என்ன இருந்தது என்று தீர்ப்பு எழுதக் கூடாது. பஞ்சப் படங்களை யார் கேட்டு எடுத்தார் என்பதற்கே தெளிவான பதில் இல்லை.

என்ன பயன்பட்டன என்பது ஓரளவு தெரியும். அன்று பத்திரிகையில் புகைப்படத்தை அப்படியே அச்சிடும் தொழில்நுட்பம் இல்லை. படத்தைப் பார்த்து ஒரு செதுக்குக் கலைஞர் மரக்கட்டையில் வெட்டி அச்சுக்குக் கொடுப்பார். 1877 அக்டோபரில் 'இல்லஸ்ட்ரேட்டட் லண்டன் நியூஸ்', 'தி கிராஃபிக்' இரண்டிலும் பஞ்சக் காட்சிகள் வந்தன. லண்டன் மேயர் திறந்த நிதிக்குப் பணம் குவிந்தது. அந்தப் பணத்தில் பிழைத்தவர்கள் இருக்கிறார்கள், அதைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் அந்தப் பக்கங்களைப் பார்த்த லண்டன் வாசகருக்கு, எங்கோ ஒரு தேசத்தில் இயற்கை கொடுத்த அடி, நாம் கருணை காட்டுகிறோம் என்றுதான் தோன்றியிருக்கும். டெம்பிள் கூலி அந்தச் சட்டகத்துக்குள் வரவே இல்லை. காலனியப் புகைப்படங்களை ஆராய்பவர்கள் திரும்பத் திரும்ப வந்து நிற்கும் இடம் இது. துன்பத்தைக் காட்டும் படம் அதற்குக் காரணமான ஆட்சியைக் காப்பாற்றவும் செய்யலாம்.

எப்போதும் அப்படித்தான் நடக்கும் என்றும் இல்லை. பெல்ஜிய மன்னர் லியோபோல்டின் காங்கோவில் 1904-ல் ஆலிஸ் சீலி ஹாரிஸ் என்ற மிஷனரிப் பெண் எடுத்த ஒரு படம் உண்டு. தாழ்வாரத்தில் உட்கார்ந்து, வெட்டப்பட்டுக் கிடக்கும் தன் சின்ன மகளின் கையையும் காலையும் பார்த்துக்கொண்டிருக்கும் தகப்பன். இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் ஊர் ஊராக அந்தப் படங்களைத் திரையிட்டு லியோபோல்டின் ரப்பர் வசூல் முறையை அம்பலப்படுத்தினார்கள். அந்தத் தகப்பன் பெயர் ன்சாலா, மகள் பெயர் போவாலி என்று இன்றும் தெரியும், ஏனென்றால் எடுத்தவர் கேட்டு எழுதி வைத்தார். ஹூப்பரின் படங்களில் ஒருவருக்கும் பெயர் இல்லை. "இலவச நிவாரணத்துக்குத் தகுதியானவர்கள்" என்ற மாதிரிக் குறிப்புதான் இருக்கிறது. அதாவது, வேலை செய்ய முடியாத நிலைக்குப் போனவர்கள் என்ற நிர்வாக வகை. கையில் எடுத்துப் பார்க்கும்போது எனக்கு மிகவும் கனக்கிற இடம் இதுதான். அவர்களுடைய பேரன் பேத்திகள் இன்று நம்மிடையே இருக்கலாம், ஆனால் உரிமை கோர ஒரு பெயர்கூட இல்லை. அமெரிக்காவில் 1850-ல் எடுக்கப்பட்ட ரென்ட்டி என்ற அடிமையின் படத்துக்காக, அவர் தன் மூதாதை என்று சொல்லும் ஒரு பெண் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தின் மீது 2019-ல் வழக்குப் போட்டு, 2025-ல் அந்தப் படங்களை அவர்களிடமிருந்து வெளியே கொண்டுவர முடிந்தது என்றால், அதற்கும் அடிப்படை பெயர் மிஞ்சியிருந்ததுதான்.

நம்மிடம் படத்துக்கு வெளியே வேறு நினைவு இருக்கிறது. பாடப் புத்தகத்தில் ஒரு வரியாக முடிந்துபோன இந்தப் பஞ்சத்தை ஊர்ப்புறத்தில் தாது வருஷப் பஞ்சம் என்று இன்றும் சொல்லக் கேட்கலாம். தாது வருஷம் 1876 ஏப்ரலில் பிறந்தது. சாவு உச்சத்துக்குப் போனது அடுத்த ஈஸ்வர வருஷத்தில். ஆனாலும் விதைத்தது முளைக்காமல் போன வருஷத்தின் பெயரைத்தான் ஜனங்கள் வைத்துக்கொண்டார்கள். கஞ்சித் தொட்டி, தாலியை விற்றது, ஊரைக் காலி செய்தது என்று கும்மிப் பாட்டாகவும் வீட்டுப் பேச்சாகவும் அது தங்கியிருக்கிறது. இலங்கையின் தோட்டங்களுக்குப் பெருங்கூட்டமாக ஆட்கள் கிளம்பிய வருஷங்களும் இவைதான். மலையகத்தில் உங்களுக்குச் சொந்தம் இருந்தால் எந்த வருஷம் கப்பலேறினார்கள் என்று கேட்டுப் பாருங்கள். சென்னையில் அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கும் சுமார் 8 கிலோமீட்டர் பக்கிங்ஹாம் கால்வாய் 1877-78-ல் பஞ்ச நிவாரண வேலையாக வெட்டப்பட்டது. இன்று அதன் மேலே பறக்கும் ரயில் ஓடுகிறது, தூண்கள் கால்வாய்க்குள்ளேயே நிற்கின்றன. கால்வாய்க்குப் பெயர் ஆளுநருடையது.

பகிரலாமா என்ற கேள்விக்கு என் கருத்து: பகிரலாம், ஆனால் விவரத்தோடு மட்டும். இப்படிப்பட்ட உடல்களைக் காட்டவே கூடாது, அது அவர்களை இரண்டாம் முறை அவமானப்படுத்துவது என்று சொல்லும் ஆய்வாளர்கள் இருக்கிறார்கள். அந்த வாதத்தில் நியாயம் இருக்கிறது, குறிப்பாகக் குழந்தைகள் இருக்கும் படங்களில். என்னால் முழுதாக ஒப்ப முடியவில்லை. மூடி வைத்தால் 1877 நம் நினைவிலிருந்து இன்னும் விலகிப் போகும். காலை வணக்கத்துக்கும் தள்ளுபடி விளம்பரத்துக்கும் நடுவே வெறும் படமாக அனுப்புவதை மட்டும் செய்யாதீர்கள். அனுப்புவதற்கு முன் கூகுள் லென்ஸில் போட்டுத் தேடுங்கள். வருகிற முடிவுகளில் செய்தித் தளங்களை விட்டுவிட்டு, படத்தைக் கையில் வைத்திருக்கும் அருங்காட்சியகம் அல்லது நூலகத்தின் பக்கத்தைத் திறங்கள். அங்கே என்ன வருஷம், என்ன ஊர் போட்டிருக்கிறதோ அதை எழுதுங்கள். ஊர் பெயர் இல்லையென்றால் நீங்களாக ஒரு ஊரைச் சேர்க்க வேண்டாம்.

உங்கள் குழுவுக்கு அனுப்ப ஒரு குறிப்பு வேண்டுமென்றால் இப்படி எழுதலாம்: "சென்னை மாகாணப் பஞ்சம், 1876-78. படம் எடுத்தவர் டபிள்யூ. டபிள்யூ. ஹூப்பர் என்று கருதப்படுகிறது. படத்தில் இருப்பவர்களின் பெயர் பதிவாகவில்லை. 1877 தொடக்கத்தில் நிவாரண வேலையில் ஓர் ஆணுக்கு நிர்ணயித்த கூலி நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் கொஞ்சம் சில்லறைக் காசும்." 1943-ஐப் பற்றித்தான் பேச வேண்டும் என்றால் சுனில் ஜானாவின் படம் ஒன்றை அவர் பெயரோடு போடுங்கள். மறுத்துப் பேசிய அந்த உறவினரிடம், "நம்ம ஊர்ப் பஞ்சம்" என்று அவருக்கு யார் சொன்னார்கள் என்று கேளுங்கள். வீட்டில் பெரியவர்கள் சொன்ன கதை ஏதாவது பின்னால் இருந்தால், ஊர் பெயரோடு குரல் பதிவாக எடுத்து வைத்துவிடுங்கள்.